இல்லை சொல்லாத கத்திரிக்காய்

ஹிசானோவின் இரண்டு கைகளும் முழங்கை வரை கத்திரிக்காய்க்குள் இருந்தன. ஒரு கை உள்துணியை இழுத்துப் பிடித்தது. மறு கை ஆல்கஹால் நனைத்த துணியால் கழுத்து வளையத்தையும் அக்குள் மடிப்பையும் முதுகுத் தையலையும் அழுத்தித் துடைத்தது. படுத்த படுக்கையாகக் கிடப்பவரைப் போலத்தான் அந்த உடுப்பும். மடிப்பில் ஈரம் தங்கினால் இரண்டு நாளில் நாற்றம், மூன்றாம் நாள் பூஞ்சை. பத்தொன்பது வருடமாக அவள் வேறு யாரையும் அதைத் துடைக்க விட்டதில்லை.

அவளுடைய இடது கால் எதிரே ஒரு மரப்பெட்டியின் மேல் நீண்டிருந்தது. முட்டியைச் சுற்றித் துண்டு, துண்டுக்கு மேல் பனிக்கட்டிப் பை. இருபது நிமிடம் வைத்து இருபது நிமிடம் எடுக்க வேண்டும். இது இரண்டாவது சுற்று. வீக்கம் குறைந்தபாடில்லை.

"நான் போட்டேன் பாரு ஒரு போடு," என்றார் தொகுமாரு. டெலிவிஷன் நிலையத்தின் அடித்தளக் கிடங்கில், மின்விசிறிக்கு முன்னால் சட்டைப் பொத்தானைத் திறந்துவிட்டு உட்கார்ந்திருந்தார். "முப்பது வருஷத்துல எனக்குக் கெடைச்ச பெரிய சிரிப்பு அதுதான் ஹிசா."

"அது என் முட்டி வாங்கின சிரிப்பு. உங்களோடது இல்லை."

"முட்டி பேசுமா? பேசினது நானு."

பேசுவதுதான் அவருடைய வேலை. ஒசாக்காவின் சிறு மேடைகளில் இருவர் நகைச்சுவை செய்துகொண்டிருந்தவர். கூட்டாளி நூடுல்ஸ் கடை வைக்கப் போனபின் தனியாக யாரும் கூப்பிடவில்லை. பன்னிரண்டு வருடமாக நாசுபேயின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார். நாசுபே என்பது நிலையத்தின் மதிய நிகழ்ச்சிக்குச் சின்னமான கத்திரிக்காய் வேடம்: ஊதா உடம்பு, பச்சைக் காம்புத் தொப்பி, பதினோரு கிலோ. நாசுபே பேசாது. அதற்குப் பதிலாகத் தொகுமாரு பேசுவார். உள்ளே இருப்பது ஹிசானோ நவாதே, வயது நாற்பத்தேழு.

உள்ளே யாரும் இல்லை என்பதுதான் நிலையத்தின் முதல் விதி. குழந்தைகள் முன் தலையைக் கழற்றக் கூடாது என்பதோடு அது நிற்கவில்லை. முதலில் இருந்த தயாரிப்பாளர் கறாரான மனிதர். கட்டடத்துக்குள் நுழைந்ததும் அவள் வாயே திறக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார். பார்வையாளர்களாகப் பள்ளிப் பிள்ளைகள் எந்த மாடியிலும் சுற்றுவார்கள், குரல் கேட்டுவிட்டால் போச்சு. அவர் ஓய்வு பெற்றுப் போனார், விதி போகவில்லை. வேலைப் பட்டியலில் அவள் பெயர் 'நாசுபே உதவி' என்று இருந்தது. மின்தூக்கியில் பார்ப்பவர்கள் "என்ன நாசுபே-சான், சூடு எப்படி?" என்பார்கள். அவள் உடம்பின் மேல்பாதி முழுவதும் ஆட இரண்டு முறை தலையசைப்பாள். உடுப்பு இல்லாதபோதும் அப்படித்தான் அசைந்தது. இந்தக் கிடங்கில் மட்டும்தான் அவளுக்கு வாய் இருந்தது.

"மூணு தடவை அமுக்கினேன்," என்றாள், துணியைப் பிழிந்தபடி.

தொகுமாரு மின்விசிறியின் பக்கம் திரும்பிக்கொண்டார்.

கையை ஒரு முறை அமுக்கினால் சரி. இரண்டு முறை அமுக்கினால் தண்ணீர். மூன்று முறை அமுக்கினால் என்னை உடனே வெளியே கொண்டுபோ. அப்போது தொகுமாரு, "நாசுபேவுக்குத் தண்ணி ஊத்துற நேரம் வந்தாச்சு!" என்று கூவிக்கொண்டே அவளைத் திரைக்குப் பின்னால் ஓட்டிச் செல்ல வேண்டும். பன்னிரண்டு வருடத்தில் அவள் மூன்று முறை அமுக்கியது நான்கே தடவைதான்.

அன்று காலை பதினொன்றே முக்காலுக்குக் கடைத்தெருவில் நேரலை. காய்கறிக் கடைக்கு முன்னால் திரும்பும்போது இடது முட்டி பூட்டிக்கொண்டது. மடங்கவும் இல்லை, நீளவும் இல்லை. அவள் மல்லாந்து விழுந்தாள். கத்திரிக்காயின் அடிப்பாகம் அகலம். விழுந்தால் தானாக எழ முடியாது. உள்ளே காற்றுத் தள்ளும் சிறு விசிறி முதுகுக்கு அடியில் மாட்டிக்கொண்டு நின்றுபோனது. வாய் வலையின் வழியே கடைத்தெருவின் கூரைக் கண்ணாடி மட்டும் தெரிந்தது. அதில் ஒரு புறா. அவள் தொகுமாருவின் விரல்களைத் தேடிப் பிடித்து மூன்று முறை அமுக்கினாள்.

"ஐயையோ, கத்திரிக்காய் பழுத்துக் கீழ விழுந்துடுச்சு!" என்று கத்தினார் தொகுமாரு. "யாராவது கூடை கொண்டாங்கப்பா!"

காய்கறிக் கடைக்காரர் உண்மையாகவே கூடை எடுத்து வந்தார். தெரு முழுக்கச் சிரித்தது. வலியில் அவள் கையை உதறியதைப் பார்த்து இன்னும் சிரித்தது. மூன்று நிமிடம் அப்படியே கிடந்தாள். ஒருவரும் வெளியே எடுக்கவில்லை. கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

"மூணா இருந்துச்சா?" என்றார் தொகுமாரு இப்போது.

"எண்ணத் தெரியாதா உங்களுக்கு?"

"எண்ணினேன்." மின்விசிறியைப் பார்த்தபடி, "சிரிக்கிறாங்களே, ஹிசா. அப்படிச் சிரிக்கிறாங்களே. நடுவுல எப்படிக் கிளம்புறது?" என்றார்.

அவள் பனிக்கட்டிப் பையை எடுத்துவிட்டு முட்டியைத் தொட்டுப் பார்த்தாள். தோல் இறுகிப் பளபளத்தது.

முட்டி கெட்டது இப்போதல்ல. பன்னிரண்டு வருடத்துக்கு முன் கோடைத் திருவிழாவில், தேர் வண்டியிலிருந்து நாசுபேயாகக் குதித்தபோது ஆரம்பித்தது. மறுநாளே வேலைக்கு வந்தாள். மடக்க முடியாத காலை வெளிப்பக்கமாக அரைவட்டம் வீசி வைத்து, வலது காலில் லேசாக எம்பி நடந்தாள். ஒரு வாரத்தில் சரியாகிவிடும் என்று நினைத்தாள். அதற்குள் நேயர் கடிதங்கள் வந்துவிட்டன. அந்த நடை எவ்வளவு அழகு, எங்கள் பிள்ளை வீடு முழுக்க அப்படித்தான் நடக்கிறான். நாசுபே எப்படி நிற்க வேண்டும், எப்படிக் கும்பிட வேண்டும் என்று நிலையம் ஒரு கையேடு வைத்திருந்தது. அதன் இரண்டாம் பக்கத்தில் படம் போட்டு ஏற்றிவிட்டார்கள்: இடது கால் வெளிப்புறம் அரைவட்டம், பின் ஒரு எம்பல். சாவி கொடுத்தால் அப்படியே நடக்கும் பொம்மையும் வந்தது. நொண்டுவது ஹிசானோ என்று யாருக்கும் தெரியாது, ஏனென்றால் உள்ளே யாரும் இல்லை.

போன வருடம் அவளுக்குக் காய்ச்சல் கண்டபோது, இரண்டு நாளைக்கு ஒரு உடற்பயிற்சிக்காரனை உடுப்புக்குள் இறக்கிப் பார்த்தார்கள். நல்ல உடம்பு, நல்ல கால். நேராக நடந்தான். மழலையர் பள்ளியில் பிள்ளைகள், இது நாசுபே இல்லை என்று அழுதார்கள். இரண்டாம் நாள் அவன் அந்த நடையை முயன்று பார்த்து இடுப்பைப் பிடித்துக்கொண்டான்.

மருத்துவரிடம் அவள் போனது போன வாரம். சுறுசுறுப்பான பெண் மருத்துவர், முட்டியின் ஸ்கேன் படத்தை விளக்கில் மாட்டிக் காட்டினார். "உள்ள இருக்கற குருத்தெலும்பு கிழிஞ்சு போச்சு. கதவு இடுக்குல துணி மாட்டுற மாதிரி அப்பப்போ மாட்டிக்குது. இந்த மாசத்துக்குள்ள தைச்சா காப்பாத்தலாம். தள்ளிப் போட்டா அப்புறம் தைக்கறதுக்கு ஒண்ணும் மிஞ்சாது. என்ன வேலை பண்றீங்க?"

"நின்னுக்கிட்டுச் செய்யற வேலை."

"அதை நிறுத்தணும். பதினெட்டாம் தேதி ஒரு இடம் இருக்கு. வெள்ளிக்கிழமை காலையில பத்து மணிக்குள்ள சொல்லிடுங்க, இல்லேன்னா வேற ஆளுக்குப் போயிடும். கவலைப்படாதீங்க. மூணே மாசம், எல்லாரையும் போல நேரா நடப்பீங்க."

மருத்துவர் நல்ல செய்தியாகத்தான் அதைச் சொன்னார். ஹிசானோவுக்கு அது அப்படிக் கேட்கவில்லை. நேராக நடந்தால் அவள் யாருக்கு வேண்டும்? தைக்காவிட்டால் கால் போகும், தைத்தால் பிழைப்பு போகும். ஏழு நாளாக இதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தும் மூன்றாவது வழி ஒன்றும் தென்படவில்லை. நாளை வெள்ளிக்கிழமை. பதினெட்டுக்கு இன்னும் எட்டு நாள். நிலையத்தில் தொகுமாருவிடம் மட்டும் சொல்லியிருந்தாள், அவர் வாயில் எதுவும் நிற்காது.

நான்கு மணிக்குத் தயாரிப்பாளர் ஷிந்தானி மேலே கூப்பிட்டார். நாற்பது வயதுக்காரர், தோக்கியோவிலிருந்து மூன்று வருடம் முன்பு வந்தவர், எல்லோரிடமும் மரியாதையாகப் பேசுவார். மேசையைச் சுற்றி ஆறு பேர். திரையில் காலையில் விழுந்த காட்சி திரும்பத் திரும்ப ஓடியது. காய்கறிக் கடைக்காரர் கூடையோடு ஓடி வரும் இடத்தில் ஒவ்வொரு முறையும் அறை சிரித்தது.

"மதியத்துலேருந்து எத்தனை லட்சம் பேர் பார்த்திருக்காங்க தெரியுமா?" என்றார் ஷிந்தானி. "நாசுபே-சான், இத்தனை வருஷமா இந்தத் திறமைய எங்க ஒளிச்சு வெச்சிருந்தீங்க?"

ஹிசானோ இரண்டு முறை மேல்பாதி ஆட அசைந்தாள். அது பழக்கம்.

"அடுத்த மாசம் அஞ்சாம் தேதி இருபதாம் வருஷ விழா. பெரிய அரங்கம், மூவாயிரம் பேர். இந்த விழறதை அங்க ஒரு தடவை, முடிவுல இன்னொரு தடவை. மேல இருந்து ஒரு ராட்சசக் கூடை எறங்கும். எப்படி?"

"பிரமாதம்," என்றார் விளம்பரப் பிரிவுக்காரர்.

தொகுமாரு தொண்டையைச் செருமினார். "வந்து… இவங்களுக்கு முட்டியில கொஞ்சம்…"

"ஆமா, கேள்விப்பட்டேன். ஏதோ ஆபரேஷன்னு. பெருசு ஒண்ணும் இல்லையே? விழா முடியட்டும், இலையுதிர் காலத்துல நிம்மதியா வெச்சுக்கலாம். அது வரைக்கும் ஒத்திகையெல்லாம் உக்காந்தே பண்ணுங்க. உங்களைத் தவிர இதை யார் செய்ய முடியும் சொல்லுங்க? தள்ளி வெச்சுக்கலாம், இல்லையா நாசுபே-சான்?"

ஆறு முகங்களும் அவளைப் பார்த்தன. இல்லை என்று சொல்ல வேண்டிய இடம் இதுதான் என்பது அவளுக்கு நன்றாகவே தெரிந்தது. கழுத்தை இடமும் வலமும் திருப்பினால் போதும்.

ஆனால் நாசுபே அப்படித் திருப்பாது. முதல் வருடம் ஒரு பள்ளி விழாவில் வேகமாகத் தலையாட்டப் போய்த் தலை கழன்று மேடையில் உருண்டது. பிள்ளைகள் அலறினார்கள். அன்றே விதி எழுதினார்கள், கையேட்டின் நான்காம் பக்கம்: நாசுபே ஒருபோதும் மறுத்துத் தலையாட்டாது. மறுக்க நேர்ந்தால் தலையை வலப்பக்கம் மெதுவாகச் சாய்க்கும்.

ஹிசானோ தலையை வலப்பக்கம் மெதுவாகச் சாய்த்தாள்.

"ஆகா!" என்று கைதட்டினார் ஷிந்தானி. அறையே உருகிச் சிரித்தது. "பாருங்க, உடுப்பு இல்லாமலே எவ்வளவு அழகு! சரி, அப்போ அஞ்சாம் தேதி. ரொம்ப நன்றி."

எல்லோரும் கோப்புகளை எடுத்துக்கொண்டு எழுந்தார்கள். ஹிசானோவின் தலை இன்னும் சாய்ந்தே இருந்தது. தொகுமாரு அவள் முழங்கையைப் பிடித்து வெளியே கூட்டி வந்தார்.

நிலையத்துக்குப் பின்னால் ஒரு ஊடோன் நூடுல்ஸ் கடை. ஆறு மணிக்கு இருவரும் ஆளுக்கொரு கிண்ணம் முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். அவள் காலை நீட்ட வசதியாக ஓரத்து இருக்கை.

"ஏம்மா சொல்லல?"

"சொன்னேனே."

"எங்க சொன்ன? பூனைக்குட்டி மாதிரி தலையைச் சாய்ச்ச."

"அதான் இல்லைன்னு அர்த்தம்."

"அது உனக்கும் எனக்கும் தெரியும். அவனுக்கு எப்படித் தெரியும்? தோக்கியோக்காரன், கையேட்டை மேசைக்காலுக்கு அடியில வெச்சிருப்பான்."

"நீங்கதானே பேசறவரு. பேச வேண்டியதுதானே?"

"பேசினேன்."

"'முட்டியில கொஞ்சம்.' மூணு நிமிஷம் கத்திரிக்காய்க்கு வாய் கிழியப் பேசத் தெரியுது. எனக்கு ஒரு வரி வரல."

தொகுமாரு பொரித்த சோயா டோஃபுவைக் குச்சியால் சூப்பில் அமுக்கினார். அது மேலே வந்தது. மறுபடி அமுக்கினார். "எனக்கு அம்பத்தெட்டு," என்றார். "நீ போனா என் கையை யாரு பிடிக்கப் போறா? அதையும் யோசிச்சேன். பொய் சொல்ல மாட்டேன்."

"யோசிச்சது தெரிஞ்சுது."

"திட்டணும்னா திட்டு."

"திட்டினா முட்டி மடங்குமா? சாப்பிடுங்க, ஆறிடப்போகுது."

அவர் சாப்பிட்டார். வாயில் உணவோடு, "ஆபரேஷன் நல்லபடியா முடிஞ்சு பழையபடி நொண்டலாம்ல? சும்மா, நடிச்சு?" என்றார்.

"பதினோரு கிலோவைத் தூக்கிக்கிட்டு, தைச்ச முட்டியை வீசி எறிஞ்சு நடந்தா எத்தனை நாள் தாங்கும்? ஒரு மாசம்? டாக்டரு என்னைச் செருப்பால அடிப்பாங்க."

"அப்போ ஒண்ணு இது, இல்ல அது."

"ஆமா. ஒண்ணு இது, இல்ல அது."

காசு கொடுத்துவிட்டு வெளியே வந்தார்கள். அவர் அவளை டிராம் நிறுத்தம் வரை கொண்டுவிட்டார். ஏறும்போது கையை நீட்டினார். அவள் அதைப் பிடிக்காமல் கம்பியைப் பிடித்து ஏறினாள்.

மறுநாள் காலை ஆறரைக்கு எழுந்தாள். முட்டி முந்தைய நாளைவிடப் பெரிதாக இருந்தது. சோறும் முட்டையும் சாப்பிட்டு, பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்து, எட்டு ஐம்பதுக்குப் போனை எடுத்தாள். முதலில் நிலையத்தை அழைத்தாள். எதிரே ஆள் இருந்தால் அவளுக்குத் தலை சாய்ந்துவிடும். போனில் சாய்த்துப் பயனில்லை.

"வணக்கம், ஷிந்தானி பேசறேன்."

"சார், பதினெட்டாம் தேதி எனக்கு ஆபரேஷன். அஞ்சாம் தேதி விழாவுக்கு என்னால முடியாது."

"மன்னிக்கணும், யார் பேசறது?"

"நவாதே."

"நவாதே… எந்தக் கம்பெனி நவாதே?"

மூன்று வருடத்தில் அவள் குரலை அவர் ஒரு முறைகூடக் கேட்டதில்லை. பெயரும் அப்படியே. அவள் போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டாள்.

"நாசுபேவுக்குள்ள இருக்கறவ," என்றாள்.

அவர் குரல் சட்டென்று தணிந்தது. "ஷ்ஷ்! போன்ல இதெல்லாம் பேசலாமா? அப்படி யாரும் இல்லைன்னு உங்களுக்கே தெரியுமே…"

"இருக்கேன் சார். முட்டி வீங்கிப்போய் இருக்கேன்."

"நேத்து சரின்னீங்களே?"

"தலையை வலப்பக்கம் சாய்ச்சேன். இல்லைன்னு அர்த்தம். கையேட்டுல நாலாம் பக்கம்."

இழுப்பறை திறக்கும் ஓசை கேட்டது. பிறகு பக்கம் புரளும் ஓசை. "அட," என்றார் ஷிந்தானி. அதன்பின் நிஜமான வருத்தத்தோடு, "எனக்கு இது தெரியாது," என்றார். அவர் கெட்டவர் அல்ல. "சரி, விழாவை ஏதாவது பண்ணிக்கறோம். ஒண்ணு மட்டும் கேட்டுக்கறேன். ஆபரேஷனுக்கு அப்புறம் பழையபடி நடப்பீங்களா?"

"மாட்டேன். நேரா நடப்பேன்."

"அப்போ…" என்று இழுத்தார்.

"ஆமா சார். அப்போ வேற ஆள் பாருங்க."

ஒன்பது மணி ஐந்து நிமிடத்துக்கு மருத்துவமனையை அழைத்துப் பதினெட்டாம் தேதியை உறுதி செய்தாள். பொறுப்புக் கையெழுத்துப் போட ஒரு ஆள் வேண்டும் என்றாள் அங்கிருந்த பெண். ஹிசானோ தொகுமாருவின் பெயரையும் எண்ணையும் சொன்னாள், அவரைக் கேட்காமலே. பிறகு அவரை எழுப்பினாள்.

"கையெழுத்தா?" என்றார் தூக்கக் கலக்கத்தில். "போட்டாப் போச்சு. பேசிட்டியா அவன்கிட்ட? வாயால?"

"வாயால."

"என்ன சொன்னான்?"

"யாருன்னு கேட்டாரு."

தொகுமாரு சிரிக்கத் தொடங்கி நிறுத்திக்கொண்டார். "அப்போ எனக்கும் வேலை போச்சா?"

"எனக்குப் போச்சு. உங்களுக்கு என்னன்னு நீங்களே அவர்கிட்டக் கேளுங்க. உங்களுக்குத்தான் பேச வருமே."

போனை வைத்தாள். போன வாரம் மருத்துவமனையில் தந்த தாளில் முன்பக்கம் திறக்கும் இரவு உடுப்பு இரண்டு, வழுக்காத செருப்பு ஒரு ஜோடி என்று எழுதியிருந்தது. பையை எடுத்துக்கொண்டு, கைப்பிடியைப் பற்றி, ஒவ்வொரு படியிலும் வலிக்கும் காலை முதலில் இறக்கி, இரண்டு மாடி கீழே கடைக்குப் போய் அவற்றை வாங்கி வந்தாள்.